சனிக்கிழமை வாஷிங்டன், திங்கட்கிழமை டொரன்டோ

1912 அக்டோபர் 26, சனிக்கிழமை. வாஷிங்டன் நகரில் நடந்த அமெரிக்க ஃபுட்பால் ஆட்டத்தில் ஜார்ஜ்டவுன் பல்கலைக்கழக அணியை கார்லைல் அணி 34–20 என்று தோற்கடித்தது. ஆடிய களைப்பு தீருமுன் ரயில் ஏறி, 28ஆம் தேதி திங்கட்கிழமை கனடாவின் டொரன்டோவில் இன்னொரு ஆட்டம். அதில் 49–1. அந்த ஒற்றைப் புள்ளி அமெரிக்க விதிப்படி வரவே வழியில்லை. கனடாக்காரர்களின் விதியையும் கலந்து ஆடியதால் வந்தது. அடுத்த சனிக்கிழமை பென்சில்வேனியாவில் லீஹை பல்கலைக்கழகம். அதற்கடுத்த சனிக்கிழமை நியூயார்க் மாநிலத்தில் வெஸ்ட் பாயின்ட் ராணுவ அகாடமி. அப்புறம் ஃபிலடெல்ஃபியா, ஸ்பிரிங்ஃபீல்டு, பிராவிடன்ஸ்.

மொத்தம் 14 ஆட்டங்கள். 12 வெற்றி, 1 தோல்வி, 1 சமன். அடித்த புள்ளிகள் 504, விட்டுக்கொடுத்தவை 114. கல்லூரி ஃபுட்பால் வரலாற்றில் இந்த அணியின் 1912 பருவத்தைப் பற்றி எழுதப்பட்ட அளவுக்கு, அந்த ஆண்டு தோல்வியே காணாத ஹார்வர்டு அணியைப் பற்றி யாரும் எழுதவில்லை. எண்களைப் பார்த்து மலைப்பதற்கு முன் ஒன்றைக் கேட்டாக வேண்டும். ஒரு பள்ளிக்கூட அணி எதற்காக இப்படி நாடோடிக் கூத்துக் குழுபோல ஊர் ஊராகப் போய் ஆட வேண்டும்?

பள்ளிக்கூடம் என்றுதான் சொல்ல வேண்டும். கார்லைல் கல்லூரியே இல்லை. பென்சில்வேனியாவின் கார்லைல் ஊரில், கைவிடப்பட்ட ராணுவக் குடியிருப்பு ஒன்றில், 1879இல் ரிச்சர்ட் ஹென்றி பிராட் என்ற ராணுவ அதிகாரி தொடங்கிய உறைவிடப் பள்ளி அது. மாணவர்கள் எல்லாரும் அமெரிக்கப் பழங்குடிப் பிள்ளைகள். நம் பழைய கௌபாய் காமிக்ஸ்கள் செவ்விந்தியர் என்று சொன்ன மக்களின் பிள்ளைகள். பிராட் இந்தப் பள்ளிக்கு முன் செய்த வேலை, ஃபுளோரிடாவில் ஒரு கோட்டையில் அடைத்துவைக்கப்பட்ட பழங்குடிக் கைதிகளைக் காவல் காத்தது. அந்த அனுபவத்தில்தான் இந்தப் பள்ளி யோசனை பிறந்தது. அவருடைய கொள்கையை 1892இல் ஒரு கூட்டத்தில் அவரே சுருக்கமாகச் சொன்னார்: செவ்விந்தியனைக் கொன்றுவிட்டு மனிதனைக் காப்பாற்றுவது.

வந்து இறங்கியதும் நீண்ட முடியை வெட்டினார்கள். தாய்மொழி பேசினால் தண்டனை. முதல் ஆண்டு வந்த லகோட்டா இனச் சிறுவன் ஒருவன், பின்னாளில் லூதர் ஸ்டாண்டிங் பேர் என்ற எழுத்தாளர், தனக்குப் பெயர் வைத்த கதையைச் சொல்லியிருக்கிறார். கரும்பலகையில் எழுதியிருந்த கிறுக்கல்களில் ஒன்றைக் கோலால் தொடச் சொன்னார்களாம். அவர் தொட்ட கிறுக்கல்தான் 'லூதர்'. பாதி நாள் படிப்பு, பாதி நாள் தச்சு, தையல், தகரவேலை. கோடையில் ஊருக்கு அனுப்பாமல், வெள்ளைக்காரக் குடும்பங்களின் வீட்டிலும் பண்ணையிலும் வேலைக்கு விட்டார்கள்.

இப்படிப்பட்ட இடத்தில் ஃபுட்பால் எப்படி நுழைந்தது? பிராட் அதை விரும்பவில்லை. ஒரு மாணவனின் கால் முறிந்ததைப் பார்த்துவிட்டு வெளியூர் அணிகளோடு ஆடுவதற்குத் தடையே போட்டார். 1893 வாக்கில் மாணவர்கள் கூட்டமாக அவருடைய அறைக்குப் போய் மன்றாடினார்கள். இரண்டு நிபந்தனைகளோடு இறங்கிவந்தார். எதிராளி குத்தினாலும் திருப்பிக் குத்தக் கூடாது. சில ஆண்டுகளுக்குள் நாட்டின் மிகப் பெரிய அணியை ஜெயிக்க வேண்டும். முதல் நிபந்தனை நல்லொழுக்கம் போலத் தெரியும். உண்மையில் அது விளம்பரக் கணக்கு. ஒரு பையன் கை ஓங்கினால் போதும், 'பார், காட்டுமிராண்டி' என்று நாளை பேப்பரில் வரும். பள்ளிக்கு அரசு தரும் பணத்துக்கு ஆபத்து. பிராட்டுக்கு இந்த அணி நடமாடும் பொருட்காட்சி.

1896இல் பிரின்ஸ்டன், யேல், ஹார்வர்டு, பென்சில்வேனியா பல்கலைக்கழகங்கள் என்று அன்றைய நான்கு ஜாம்பவான்களோடும் வரிசையாக மோதினார்கள். நான்கிலும் தோல்வி. ஆனால் ஹார்வர்டிடம் தோற்றது 4–0 என்று மட்டுமே. பெயர் தெரியாத பள்ளியிடம் ஹார்வர்டு திணறியது என்பதே செய்தி. டிக்கெட் விற்றது. அன்றிலிருந்து கார்லைல் எங்கே போனாலும் கூட்டம் கூடியது. பெரிய மைதானம் சொந்தத்தில் கிடையாது; பெரிய நகரமும் பக்கத்தில் கிடையாது. வசூல் வேண்டுமென்றால் வெளியே போய்த்தான் ஆட வேண்டும். சனிக்கிழமை வாஷிங்டனும் திங்கட்கிழமை டொரன்டோவும் அந்தக் கணக்கில் வந்தவை.

1899இல் கோச்சாக வந்தவர் கிளென் வார்னர். எல்லாரும் 'பாப்' என்று அழைத்த இவர் கார்னெல் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தவர். இடையில் கார்னெல்லுக்கே கோச்சாகப் போய்விட்டு 1907இல் திரும்பிவந்தார். கெட்டிக்காரர், அதைவிடத் தந்திரக்காரர். 1903இல் ஹார்வர்டோடு ஆடும்போது பந்தை ஒரு வீரரின் ஜெர்ஸிக்குள் முதுகுப் பக்கம் செருகி ஓடவிட்டார். அதற்காகவே எலாஸ்டிக் வைத்துத் தைத்த ஜெர்ஸி. ஹார்வர்டுக்காரர்கள் பந்து யாரிடம் இருக்கிறது என்று தேடிக்கொண்டிருக்க, சார்லஸ் டில்லன் எல்லைக் கோட்டைக் கடந்துவிட்டார். அந்த ஆட்டத்திலும் கடைசியில் 12–11 என்று ஹார்வர்டுதான் வென்றது என்பதைப் பலர் சொல்ல மறந்துவிடுகிறார்கள்.

இனி ஆட்டத்தின் விதிக்கு வருவோம். 1912ஐப் புரிந்துகொள்ள விதிகள் தெரியாமல் முடியாது. அமெரிக்க ஃபுட்பால் என்பது நாம் கால்பந்து என்று சொல்வது இல்லை. முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி எதிராளியின் எல்லைக் கோட்டைக் கடப்பதுதான் நோக்கம், கடந்தால் டச்டவுன். அதற்கு வரையறுத்த முயற்சிகளுக்குள் 10 யார்டு முன்னேற வேண்டும், இல்லையென்றால் பந்து எதிராளிக்கு. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இது கிட்டத்தட்ட மல்யுத்தம். கையைக் கையோடு கோத்து மொத்த அணியும் ஆப்பு வடிவில் எதிராளி மேல் பாயும்; பந்து வைத்திருப்பவரைச் சகாக்கள் பின்னாலிருந்து தள்ளுவார்கள். 1905இல் மட்டும் நாடு முழுக்க 18 பேர் இறந்தார்கள் என்பது அன்றைய கணக்கு. குடியரசுத் தலைவர் தியோடர் ரூஸ்வெல்ட் ஹார்வர்டு, யேல், பிரின்ஸ்டன் ஆட்களை வெள்ளை மாளிகைக்கே கூப்பிட்டுப் பேசவேண்டி வந்தது. அடுத்த ஆண்டே பந்தை முன்னோக்கி எறியலாம் என்ற விதி வந்தது. 1910இல் பின்னாலிருந்து தள்ளுவதும் கை கோப்பதும் தடையாயின.

1912இல் இன்னொரு பெரிய திருத்தம். 10 யார்டு முன்னேற மூன்றுக்குப் பதில் நான்கு முயற்சிகள். மைதானம் 110 யார்டிலிருந்து 100 ஆனது. டச்டவுனுக்கு 5க்குப் பதில் 6 புள்ளி. முன்னோக்கி எறியும் பந்து 20 யார்டுக்கு மேல் போகக் கூடாது என்ற கட்டுப்பாடு போனது. எல்லைக் கோட்டுக்குப் பின்னால் 10 யார்டு ஆழத்துக்கு ஒரு பகுதியைச் சேர்த்து, அங்கே பந்தைப் பிடித்தாலும் டச்டவுன் என்றார்கள்.

ஆக, எடையை வைத்து இடித்துத் தள்ளும் ஆட்டம் ஓடவும் எறியவும் ஏமாற்றவும் தெரிந்தவர்களின் ஆட்டமாக மாறிய வருஷம் அது. எடை குறைந்த, வேகமான அணி யாரிடம் இருந்தது? கார்லைலிடம். அவர்களுக்கு இது புதிதும் இல்லை. 1907இலேயே பெரிய கல்லூரிகள் பந்தை எறிவதை ஏதோ கோழைத்தனமாகப் பார்த்துக்கொண்டிருந்தபோது, இவர்கள் எறிந்தே பென்சில்வேனியா அணியை 26–6 என்று வீழ்த்தியிருந்தார்கள். எனவே 1912இன் வெற்றியை ஒரு மேதையின் தனி ஆட்டமாகச் சொல்லும் கதைகள் எனக்கு ஒப்பவில்லை. விதிகள் அவர்கள் ஏற்கெனவே ஆடிக்கொண்டிருந்த ஆட்டத்தை வந்து எட்டின, அவ்வளவுதான்.

சரி, மேதையும் இருந்தார். ஜிம் தார்ப், ஓக்லஹோமாவின் சாக்–ஃபாக்ஸ் இனத்தவர். அந்த ஜூலையில் ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக்கில் ஐந்து போட்டிகள் சேர்ந்த பென்டத்லானிலும் பத்துப் போட்டிகள் சேர்ந்த டெகாத்லானிலும் தங்கம் வாங்கித் திரும்பியவர். அதே பள்ளியின் லூயிஸ் டெவானிமா 10,000 மீட்டர் ஓட்டத்தில் வெள்ளி வாங்கினார். ஒரு தொழிற்பயிற்சிப் பள்ளிக்கு ஒரே ஒலிம்பிக்கில் மூன்று பதக்கம்! ஆகஸ்டில் ஊர் கூடி வரவேற்றது. செப்டம்பர் 21 அன்று ஆல்பிரைட் கல்லூரியோடு முதல் ஆட்டம், 50–7. அடுத்து லெபனன் வேலி 45–0, டிக்கின்சன் 34–0, வில்லனோவா 65–0. இவை பெரும்பாலும் உடம்பைச் சூடாக்கிக்கொள்ளும் ஆட்டங்கள். அதிகம் பேச ஒன்றுமில்லை. அக்டோபர் 5இல் வாஷிங்டன்–ஜெஃபர்சன் கல்லூரி மட்டும் இவர்களை 0–0 என்று கட்டிப்போட்டது. அடுத்த வாரம் சிராக்யூஸ் 33–0. முந்தைய ஆண்டு 12–11 என்று இவர்களுக்கு ஒரே தோல்வியைத் தந்த அணி அது. கடன் வட்டியோடு தீர்ந்தது. பிட்ஸ்பர்க் 45–8.

தார்ப்பைச் சுற்றியிருந்தவர்களையும் பார்க்க வேண்டும். குவார்ட்டர்பேக் கஸ் வெல்ச், விஸ்கான்சினிலிருந்து வந்த ஓஜிப்வே இளைஞர். களத்தில் அடுத்து என்ன ஆட்டம் என்று தீர்மானித்தவர் அவர்தான். அந்தக் காலத்தில் கோச் வெளியிலிருந்து கத்திச் சொல்ல முடியாது, விதி இடம் தராது. ஓடுவதற்கு அலெக்ஸ் ஆர்காசா, இடித்துப் புகுவதற்கு ஸ்டான்சில் பவல், முன்வரிசையில் ஜோ கையான். கையான் பின்னாளில் தார்ப்பைப் போலவே தொழில்முறை ஃபுட்பாலின் புகழ்மன்றத்தில் இடம்பெற்றார்.

எதிரணிகளின் முணுமுணுப்பிலும் நியாயம் உண்டு. கார்லைல் கல்லூரி இல்லை என்பதால் எத்தனை ஆண்டு ஆடலாம் என்ற கட்டுப்பாடு இவர்களுக்குச் சரியாகப் பொருந்தவில்லை. தார்ப் முதலில் அணிக்கு வந்தது 1907இல். 1912இல் வயது 25. பள்ளிப் பையன் என்று எவ்வளவு நீட்டிச் சொல்வது!

நவம்பர் 9, வெஸ்ட் பாயின்ட். ராணுவ அகாடமியோடு இது முதல் மோதல் இல்லை. 1905இல் கார்லைல் 6–5 என்று வென்றிருக்கிறது. ஆனால் 1912 ஆட்டத்துக்கு வேறு கனம் இருந்தது. லகோட்டா மக்களை அமெரிக்கப் படை வூண்டட் நீயில் சுட்டுக் குவித்தது 1890 டிசம்பரில். 22 ஆண்டுகூட ஆகவில்லை. எதிரே நிற்பவர்களின் அப்பன்மார்தான் உங்கள் அப்பன்மாரோடு சண்டையிட்டவர்கள் என்று வார்னர் ஆட்டத்துக்கு முன் சொல்லி உசுப்பினார் என்பது அணியினர் பின்னாளில் சொன்ன செய்தி. உசுப்பிவிட்டவருக்கு அந்தச் சண்டையில் பங்கில்லை என்பதை வெல்ச் போன்றவர்கள் கவனித்திருக்க மாட்டார்களா என்ன.

அன்று வார்னர் இறக்கிய உத்தி பிற்காலத்தில் 'டபுள் விங்' என்று பெயர் பெற்றது. வழக்கமாக முன்வரிசைக்குப் பின்னால் கூட்டமாக நிற்கும் ஓட்டக்காரர்களில் இரண்டு பேரை வரிசையின் இரு ஓரத்துக்கும் நகர்த்தி நிறுத்தினார். அந்த இருவர் எதிராளியைத் தடுக்கலாம், பந்தை வாங்கிக்கொண்டு குறுக்கே ஓடலாம், முன்னால் பாய்ந்து எறிபந்தைப் பிடிக்கலாம். எதைச் செய்யப்போகிறார்கள் என்று கடைசி நொடிவரை தெரியாது.

முதல் டச்டவுன் ராணுவத்துக்குத்தான். கார்லைல் சமன் செய்து, டச்டவுனுக்குப் பின் உதைத்துப் பெறும் கூடுதல் புள்ளியும் எடுத்து, பாதி ஆட்டத்தில் 7–6 என்று முன்னால் நின்றது. ராணுவ அணியின் கேப்டன் லீலண்ட் டெவோர் மலைபோன்ற ஆள். அவரைவிடச் சிறிய கையான் ஆட்டம் முழுக்க அவரைத் தடுமாறவைத்துக்கொண்டே இருந்தார். பொறுக்க முடியாமல் டெவோர் கையானைத் தாக்க, நடுவர் அவரைக் களத்தைவிட்டு வெளியேற்றினார். பிராட்டின் பழைய நிபந்தனை நினைவிருக்கிறதா? குத்தாமல் இருந்தது யார், குத்தியது யார் என்று அன்று எல்லாரும் பார்த்தார்கள். இரண்டாம் பாதியில் மேலும் மூன்று டச்டவுன்கள். முடிவு 27–6.

தார்ப் 92 யார்டு ஓடிப் போட்ட டச்டவுனை நடுவர் செல்லாதென்று சொல்ல, மறுபடி 97 யார்டு ஓடிக் காட்டினார் என்ற கதை நூறு ஆண்டாகப் புழங்குகிறது. கேட்கச் சுகமான கதை. அன்றைய டச்டவுன்களைப் போட்டவர்கள் ஆர்காசாவும் ஜோ பெர்ஜியும். தார்ப் ஓடினார், உதைத்தார், தடுத்தார், எதிராளிகள் அத்தனை பேரின் கண்ணையும் தன் பக்கமே வைத்துக்கொண்டார். அந்த இடைவெளியில் ஆர்காசா புகுந்தார். ராணுவ அணியில் அன்று ஆடியவர்களில், பின்னாளில் அமெரிக்கக் குடியரசுத் தலைவரான டுவைட் ஐசன்ஹோவரும் ஒருவர். தார்ப்பை வீழ்த்த ஒரு சகாவோடு சேர்ந்து பாய்ந்து பார்த்தார், பலிக்கவில்லை. அவருடைய ஃபுட்பால் வாழ்க்கையை முடித்த முழங்கால் காயம் அடுத்த வாரம் டஃப்ட்ஸ் அணியோடு ஆடியபோது பட்டது; அதையும் தார்ப் கணக்கில் எழுதுகிறவர்கள் உண்டு.

அந்த உச்சத்துக்கு ஒரு வாரம் கழித்து, ஃபிலடெல்ஃபியாவில் பென்சில்வேனியா அணியிடம் 34–26 என்று தோற்றார்கள். ஊர் ஊராக அலைந்த உடம்பு அங்கே பதில் சொன்னது என்றுதான் நான் நினைக்கிறேன். அடுத்து ஸ்பிரிங்ஃபீல்டு பயிற்சிக் கல்லூரியோடும் 30–24 என்று தட்டுத்தடுமாறியே ஜெயித்தார்கள். நவம்பர் 28, நன்றி நவிலும் நாளன்று, பிராவிடன்ஸில் பனிக்கு நடுவே பிரவுன் பல்கலைக்கழகத்தை 32–0 என்று வென்றதோடு பருவம் முடிந்தது. தார்ப் அந்த ஆண்டு 25 டச்டவுன், 198 புள்ளி எடுத்தார் என்பது பரவலாகச் சொல்லப்படும் கணக்கு. பின்னாளில் மறுபடி எண்ணியவர்கள் அதைவிடக் கூட்டியே சொல்கிறார்கள். பிரவுனோடு ஆடியதே கார்லைலுக்காக அவர் ஆடிய கடைசி ஆட்டம்.

இரண்டு மாதம்கூடப் போகவில்லை. 1913 ஜனவரியில் மாசசூசெட்ஸின் வூஸ்டர் நகரப் பத்திரிகை ஒன்று, தார்ப் 1909, 1910 கோடைகளில் வட கரோலினாவில் காசு வாங்கிக்கொண்டு பேஸ்பால் ஆடியவர் என்று எழுதியது. ஒலிம்பிக்கில் காசுக்கு ஆடுகிறவர்களுக்கு இடமில்லை. கல்லூரி மாணவர்கள் பலர் அந்தக் காலத்தில் கோடையில் இப்படி ஆடியவர்கள்தான்; அவர்கள் பொய்ப் பெயரில் ஆடினார்கள், தார்ப் சொந்தப் பெயரில் ஆடினார். தான் உலகம் தெரியாத இந்தியப் பள்ளிப் பையன், அது தப்பென்று தெரியாது என்று அவர் பெயரில் ஒரு மன்னிப்புக் கடிதம் போனது. அதை எழுதித் தந்ததில் வார்னரின் கை இருந்தது என்றே பலரும் கருதுகிறார்கள். வார்னரோ தனக்கு எதுவுமே தெரியாது என்றார். இரண்டு கோடைக்காலம் தன் சிறந்த வீரர் எங்கே போனார் என்று கோச்சுக்குத் தெரியாதாம். பதக்கங்கள் பறிக்கப்பட்டன. 1953இல் தார்ப் இறந்தார். பதக்கத்தின் நகல்கள் 1983இல் குடும்பத்துக்கு வந்தன. இரண்டு போட்டிகளுக்கும் அவர் ஒருவரே வெற்றியாளர் என்று ஒலிம்பிக் கமிட்டி அறிவித்தது 2022இல்.

பள்ளிக்குள்ளும் புகைந்துகொண்டிருந்தது. டிக்கெட் வசூல் எல்லாம் விளையாட்டு நிதி என்ற தனிப் பையில் விழுந்தது. அது அரசுக் கணக்குக்கு வெளியே, வார்னரும் கண்காணிப்பாளர் மோசஸ் ஃப்ரீட்மனும் கையாண்ட பணம். வீரர்களுக்குச் சாப்பாட்டு மேசை தனி, சூட்டும் ஓவர்கோட்டும் பரிசு. மற்ற பிள்ளைகளுக்குப் பள்ளிச் சாப்பாடு. இதை எதிர்த்து விசாரணை கேட்டு மனு எழுதி 276 மாணவர்களிடம் கையெழுத்து வாங்கியவர் யார் தெரியுமா? அந்தத் தனி மேசையில் உட்கார்ந்து சாப்பிட்ட குவார்ட்டர்பேக் கஸ் வெல்ச். 1914இல் அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸின் குழு கார்லைலுக்கே வந்து சாட்சியம் கேட்டது. வார்னர் பையன்களைக் கேவலமாகத் திட்டுவார், ஓட்டல் கூடங்களில் டிக்கெட் விற்றார், கொள்கை இல்லாதவர் என்று வெல்ச் நேருக்கு நேர் சொன்னார். ஃப்ரீட்மன் பதவி போனது. வார்னர் 1915இல் பிட்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தின் கோச்சாகப் போய் இன்னும் பெரிய பெயர் வாங்கினார். சிறுவர் ஃபுட்பால் அமைப்பு ஒன்று இன்றும் அவர் பெயரில் நடக்கிறது. வெல்ச் சட்டம் படித்து, உலகப் போருக்குப் போய்வந்து, 1919இலிருந்து வாஷிங்டன் மாநிலக் கல்லூரிக்கு கோச்சாக இருந்தார்.

1918இல் பள்ளியை மூடினார்கள். போரில் காயம்பட்டவர்களுக்கு மருத்துவமனை தேவைப்பட்டதால் ராணுவம் கட்டடங்களைத் திரும்ப எடுத்துக்கொண்டது. இன்று அங்கே ராணுவப் போர்க் கல்லூரி இருக்கிறது. பள்ளியில் இறந்துபோன பிள்ளைகளின் கல்லறைகளும் அதே வளாகத்தில்தான். 2017 முதல் குடும்பங்கள் வந்து எலும்புகளை ஊருக்கு எடுத்துப்போகிறார்கள். 2021இல் லகோட்டாப் பிள்ளைகள் ஒன்பது பேர் தெற்கு டகோட்டாவில் உள்ள ரோஸ்பட்டுக்குத் திரும்பினார்கள். பழங்குடியினர் அனைவருக்கும் அமெரிக்கக் குடியுரிமை வந்ததே 1924இல்தான். தார்ப் ஸ்டாக்ஹோமில் அமெரிக்காவுக்காகப் பதக்கம் வாங்கி 12 ஆண்டு கழித்து.

அணியில் பலர் அதற்கு முன்பே காசுக்கு ஆடும் ஃபுட்பாலுக்குப் போயிருந்தார்கள். 1920இல் தொழில்முறை லீக் தொடங்கியபோது அதற்குப் பெயரளவில் முதல் தலைவராக வைத்தது தார்ப்பைத்தான். பேப்பரில் படம் வருமே. 1922இல் ஒஹையோவின் லாரூ என்ற சிற்றூரில் வால்டர் லிங்கோ என்ற நாய் வியாபாரி ஒரு லீக் அணி தொடங்கினார். ஏர்டேல் இன நாய்களை விற்பது அவர் தொழில். வீரர்கள் எல்லாரும் பழங்குடியினர், அணியின் பெயர் ஊராங் இண்டியன்ஸ், ஊராங் என்பது அவருடைய நாய்ப் பண்ணையின் பெயர். தார்ப், கையான், பீட் கலாக் என்று கார்லைல் ஆட்கள் அங்கே சேர்ந்தார்கள். ஊரில் மைதானம் இல்லாததால் பெரும்பாலும் வெளியூர் ஆட்டங்கள்தான். இரண்டு பருவங்கள் ஆடி நான்கே ஆட்டம் ஜெயித்தார்கள். பாதி ஆட்டத்தில் மற்ற அணி ஓய்வெடுக்கப் போகும். இவர்கள் களத்திலேயே இருந்து, கூட்டத்துக்கு முன்னால் நாய்களை வைத்து வித்தை காட்ட வேண்டும்.